யார் கதவு?

அவள் எடுக்கும் படங்களில் கதையும் இருக்காது, வசனமும் இருக்காது. அவள் உடம்பும் ஒரு கேமராவும்தான். வயிற்றுப்பாட்டுக்குக் கல்யாண வீடியோக்களை வெட்டி ஒட்டிக் கொடுப்பாள். சொந்தக்காரர்கள் அவளுக்கு வைத்திருந்த பட்டப்பெயர் ‘புரியாத படம்’.

இடித்த வீடு ஒன்றிலிருந்து ஒரு குளியலறைக் கதவைச் சட்டத்தோடு வாங்கி, மூன்று மாதம் முதுகில் கட்டிக்கொண்டு ஊரெல்லாம் சுமந்தாள். வெட்டவெளியில் நட்டுவைப்பாள். சுற்றிப் போக அவ்வளவு இடமிருந்தும் ஜனங்கள் அதைத் திறந்துகொண்டுதான் போனார்கள். சிலர் தட்டிவிட்டு வேறு போனார்கள். முப்பத்தேழு நிமிடப் படம். தோளில் கயிற்றுத் தழும்பு இன்னும் இருக்கிறது.

அதை முதலில் பார்த்தவர் அக்கா வீட்டுக்காரர், விளம்பரப் பட இயக்குநர். “நிதானமா இன்னொரு தடவை பாத்துட்டுத் தரேம்மா” என்று பென்டிரைவை வாங்கிப் போனார். நாலு மாதத்தில் டிவியில் ஒரு பெயிண்ட் விளம்பரம் வந்தது. மைதானத்தில் கதவு, அதைச் சுமந்து வரும் பெண், தட்டிவிட்டு நுழையும் கூட்டம். அவளுக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு வந்தது.

“நம்ம வீட்டு ஐடியா டிவியில வருது, சந்தோஷப்படேன்டி” என்றாள் அக்கா.

மறுநாள் காலை, அத்தானின் அலுவலகத்துக்குப் போகும் சந்தில் கதவை நிறுத்தினாள். சந்தின் அகலமே அவ்வளவுதான். கேமராவை ஓடவிட்டு மறுபக்கம் நின்றுகொண்டாள். அத்தான் திறந்ததும் கேட்டாள்:

“யார் கதவு, அத்தான்?”

அவர் பல்லைக் கடித்துக்கொண்டு உள்ளே போய், அவளை விரட்டும்படி காவலாளியிடம் சொன்னார்.

“சந்து பொதுவழி சார். நான் என்ன பண்றது?” என்றார் காவலாளி.

தினமும் அதே கேள்வி. காய்ச்சலோடும் வந்தாள். அலுவலகத்தில் ஒருவரையொருவர் “யார் கதவு?” என்று கேட்டுச் சிரிக்க ஆரம்பித்தார்கள்.

பதினெட்டாம் நாள் அவர் பெயிண்ட் கம்பெனி மேலாளரோடு வந்தார். அவள் கேட்டாள். மேலாளரும் திரும்பி, “என்ன சார் விஷயம்?” என்றார். அத்தான் கதவை ஓங்கி உதைத்தார்.

“உன் கதவுதான்டி! உன்கிட்டேருந்துதான் எடுத்தேன். நாலு பேர் பாக்காத படத்தை நாடே பாக்க வெச்சேன். அதுக்கென்ன இப்போ?”

மேலாளர் சந்திலிருந்தே திரும்பிப் போய்விட்டார். அந்த வாரமே விளம்பரம் நின்றது. பதினெட்டு நாளையும் அவள் படமாக்கி இணையத்தில் போட்டாள். கடைசி நாளை மட்டும் இரண்டு தடவை வைத்தாள். பழி தீர்ந்தால் மனசு வெறிச்சோடிவிடும் என்று எங்கேயோ படித்திருந்தாள். அவளுக்கோ நன்றாகப் பசித்தது.

ஒரு மாதம் கழித்து அக்கா போன் செய்தாள். “அதை எடுத்துடுடி. பிள்ளைங்களை ஸ்கூல்ல கிண்டல் பண்றாங்க.”

அவள் வெட்டிக்கொண்டிருந்த கல்யாண வீடியோவை நிறுத்தினாள். அந்தப் பிள்ளைகளைத் தூக்கி வளர்த்தவள் அவள்.

“எடுத்தது தப்புன்னு அத்தான் ஒரு வரி எழுதித் தரட்டும். அடுத்த நிமிஷம் எடுத்துடறேன்.”

அக்கா போனை வைத்துவிட்டாள். அந்த ஒரு வரி வரவில்லை. படம் அங்கேயேதான் இருக்கிறது.