டெக்குக்குள் சிக்கிய கேசட்

தெருவில் எல்லாருக்கும் அவள் டெக்கக்கா. கணவன் போன பிறகு, அவன் விட்டுப்போன வீடியோ டெக்கையும் டிவியையும் வீடு வீடாக வாடகைக்குக் கொண்டுபோய்ப் படம் போட்டுத்தான் இரண்டு பெண்களை வளர்த்தாள். அரசாங்க அனுமதி முத்திரை இல்லாத படம் பார்த்தால் ஜெயில் என்றிருந்த காலம் அது. சோதனைக்கு வருகிறவர்கள் முதலில் தெருவுக்கே கரண்டை நிறுத்திவிடுவார்கள். கரண்ட் போனால் கேசட் டெக்குக்குள்ளேயே மாட்டிக்கொள்ளும். வேறு சாட்சி வேண்டாம்.

அன்று சாயங்காலம் தையல்காரர் வீட்டு மாடியில் படம் பாதி ஓடியிருந்தது. பொட்டென்று திரை அணைந்தது. தையல்காரர் ஜன்னலில் எட்டிப்பார்த்தார்.

"ஜீப் நிக்குது. எதிர்வீட்ல ஏறுறாங்க."

படம் பார்க்க வந்தவர்கள் பின்படி வழியாக நழுவினார்கள். தான் ஜெயிலுக்குப் போனால் பெண்களுக்கு யார் இருக்கிறார்கள் என்ற ஒரே நினைப்பு டெக்கக்காவுக்கு. ஸ்க்ரூ டிரைவரை எடுத்து டெக்கின் மூடியைக் கழற்றி, உள்ளே மோட்டார்ச் சக்கரத்தை விரலால் சுற்றினாள். கேசட் அசைந்து அசைந்து வந்தது.

"சீக்கிரம்க்கா, நம்ம படியில சத்தம் கேக்குது," என்றாள் தையல்காரர் மனைவி.

"பேசாம இருடி. விரல் வழுக்குது."

கேசட் வந்தது, நாடா வரவில்லை. உருளையில் சிக்கியிருந்ததைக் கத்தரியால் வெட்டினாள். தையல்காரர் மனைவி கேசட்டைத் துணிக் குவியலில் திணிக்கவும் கதவு தட்டப்படவும் சரியாக இருந்தது.

அதிகாரி நேரே டெக்குக்குள் டார்ச் அடித்தார். வெட்டிய நாடா கசங்கிக் கிடந்தது.

"என்னது இது?"

"ரிப்பேருங்க. நாடாவத் தின்னுடுது."

அவர் குனிந்து வெகுநேரம் பார்த்தார்.

"எங்க வீட்லயும் ஒண்ணு இப்படித்தான் தின்னுது. நாளைக்கு வந்து பாரும்மா," என்றார் மெதுவாக.

போகாமல் இருக்க முடியுமா? போனாள். அவர் டெக்கில் சிக்கியிருந்ததும் முத்திரை இல்லாத படம்தான். அதைப் பார்த்ததும் பயம் இரட்டிப்பானது. இதைத் தெரிந்துகொண்டவளை எத்தனை நாள் வெளியே விட்டுவைப்பார்? அவர் கூப்பிட்டபோதெல்லாம் போய் டெக்கைச் சரிசெய்துவிட்டு வந்தாள், பெண்களிடம்கூட மூச்சுவிடவில்லை. சட்டம் தளர்ந்து, சிடி வந்து, டெக்குகள் பரணுக்குப் போனபிறகுதான் அவர் கூப்பிடுவது நின்றது.

வெகுகாலம் கழித்துக் காய்கறிக் கடையில் அவரைப் பார்த்தாள். ஓய்வு பெற்றுத் தளர்ந்திருந்தார். அவளைக் கண்டதும் காய் வாங்கி வைத்திருந்த பையை எடுக்காமலேயே முகத்தைத் திருப்பிக்கொண்டு விறுவிறுவென்று நடந்தார். இத்தனை வருஷமும் அந்த ஆளும் தன்னைக் கண்டு நடுங்கியிருக்கிறார் என்று அப்போதுதான் அவளுக்கு உறைத்தது.