ஒரு விநாடி முந்திய சொல்

"லைன் மட்டும் ஒழுங்கா இருந்தா, முதல் ஆளா உள்ள நுழையறது நானாத்தான் இருப்பேன்" என்று க்ளெனிஸ் ஹார்ட்டாக் பதினோரு வருஷமாகச் சொல்லிவந்தாள். கேட்டவர்கள் பெரும்பாலும் லாரிக்காரர்கள். ஆஸ்திரேலியாவின் தெற்குக் கரைப் பொட்டலில், யூக்லா என்ற சிற்றூருக்கு மேற்கே, நெடுஞ்சாலை ஓரத்தில் தன்னந்தனியாக நிற்கும் பெட்ரோல் பங்கில் அவள் சமையல்காரி. அவர்களுக்கு ஸ்டேக் சாண்ட்விச் சூடாக வந்தால் போதும். எதற்குள் நுழைவது, எந்த லைன் என்று ஒருவரும் விசாரித்ததில்லை.

ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம் என்பார்கள். க்ளெனிஸ் விஷயத்தில் கூடம் உண்மையாகவே கோணல்தான். அந்தச் சாலையில் இண்டர்நெட் வானத்திலிருந்துதான் இறங்க வேண்டும். செயற்கைக்கோள்வரை ஏறி இறங்குவதற்குள் அரை விநாடிக்கு மேல் ஓடிவிடும். மெயில் பார்க்கிறவருக்கு அது தெரியவே தெரியாது. ஐந்து பேருக்கு எதிராக ஐந்து பேர் துப்பாக்கியோடு இறங்கும், க்ளெனிஸ் ஆடுகிற கம்ப்யூட்டர் விளையாட்டில் அது உயிர் போகிற விஷயம். எதிரி அவள் கண்ணில் படும்போது அவளைச் சுட்டு முடித்து அடுத்த அறைக்கே போயிருப்பான். கடிகாரமே பெர்த்துக்கு முக்கால் மணி நேரம் முந்தி ஓடும் வட்டாரம் அது. அங்கே இவள் ஒருத்திதான் உலகத்துக்குப் பிந்தி வாழ்ந்தாள்.

முதல் ஐந்து வருஷம் எந்த அணியும் அவளை ஒரு மாதத்துக்கு மேல் தாங்கவில்லை. தனியாகக் கம்ப்யூட்டர் பொம்மைகளைச் சுட்டுப் பழகும்போது லைன் குறுக்கே வராது. அங்கே அவள் கை நன்றாகவே பேசியது. அந்த நம்பிக்கையில்தான் அவள் விடாமல் ஒட்டிக்கொண்டிருந்தாள். பொம்மைகளுக்கு யாரையும் கொல்லும் அவசரம் கிடையாது என்பதை யோசித்துப் பார்க்கவில்லை.

பிறகு செஃபோ வந்தான். லோகனில் சரக்குக் கிடங்கில் வேலை செய்யும் சமோவாக்காரன், மலை போல உடம்பு, பூனை போலக் குரல். அவனோடு ஹோபர்ட்டில் முதியோர் இல்லத்தில் வேலை பார்க்கும் டாம்சின், மெல்பர்னில் ஓர் அண்ணன் தம்பி. நால்வருக்கும் சுடத் தெரியும். எப்போது எங்கே போவது என்று முடிவெடுக்க ஒருவருக்கும் பிடிக்காது. யாராவது ஒருத்தர் சொன்னால் போதும் என்றிருந்தவர்களுக்கு க்ளெனிஸ் கிடைத்தாள்.

அவளுக்குத்தான் அது கைவந்த கலை. எப்போதும் பழைய படத்தையே பார்த்துப் பார்த்து, அடுத்து எவன் எங்கே இருப்பான் என்று ஊகிக்கப் பழகியிருந்தாள். தாக்குதல் என்றால் அவர்களுக்கு ஒரே முறை. தம்பிக்காரன் புகைக்குண்டு போட்டு ஜன்னலை அடைப்பான். டாம்சின் கண்ணைக் குருடாக்கும் ஒளிக்குண்டை வீசுவாள். அது வெடித்த கணத்தில் செஃபோ முதல் ஆளாக வாசலில் பாய்வான். பாதிக்கு மேல் அவன் சாவான். அவனைச் சுட்டவனை அண்ணன்காரன் சுடுவான், மற்றவர்கள் உள்ளே போய்விடுவார்கள். முதல் ஆளின் வேலை அதுதான், தான் விழுந்து மற்றவருக்கு வழிவிடுவது.

பாயச் சொல்லும் சொல் க்ளெனிஸுடையது. சமையலறை ஜன்னலில் தட்டை வைத்துவிட்டுப் பரிமாறுகிறவளிடம் சொல்வாளே, அதே சொல்தான். "எடு." லைனில் அது போய்ச் சேர நேரமாகும் என்பதால், டாம்சினின் கை உயர்வது திரையில் தெரிந்ததுமே சொல்லிவிடுவாள். சொல் செஃபோவின் காதில் விழும்போது குண்டு சரியாக வெடித்திருக்கும். ஆறு வருஷம், ஞாயிற்றுக்கிழமை தவறாமல், இப்படியே நடந்தது. அண்ணன் தம்பியைத் தவிர அவர்கள் ஒருவரை ஒருவர் நேரில் பார்த்ததில்லை.

அந்த வருஷம் அவர்கள் நாட்டளவிலான போட்டிக்குத் தகுதிபெற்றார்கள். ஆட்டம் அடிலெய்டில், எல்லோரும் ஒரே மேசையில், ஒரே அறைக்குள் ஓடும் ஒயரில். தாமதம் என்ற பேச்சே இல்லை. க்ளெனிஸுக்கு ஐம்பத்திரண்டு வயது. பங்க் முதலாளியிடம் நான்கு நாள் லீவு கேட்டு, நடுவே செடுனா என்ற ஊரில் ஒரு ராத்திரி தங்கி, வண்டி ஓட்டிக்கொண்டு வந்தாள். வழியெல்லாம் அவள் மனதில் ஒன்றுதான் இருந்தது: தன் கை எப்படிப்பட்டது என்று இப்போது தெரிந்துவிடும்.

சனிக்கிழமை காலை மண்டபத்தில் செஃபோ அவளைக் குனிந்து கட்டிக்கொண்டான். அவள் முதலில் கேட்டதே இதைத்தான்: "இன்னிக்கு ஒரு தடவையாவது நான் முன்னால போறேன்பா. விடுவியா?"

"நீங்க கேட்டு நான் இல்லேன்னு சொல்லுவேனா ஆன்ட்டி" என்றான்.

பதின்மூன்று சுற்றை முதலில் எடுப்பவர்களுக்கு வெற்றி. முதல் பாதியில் இவர்கள் காவல் காக்கும் பக்கம். க்ளெனிஸ் வழக்கம்போலப் பின்வாசலில் நின்றாள். அந்தப் பக்கம் யாரும் வரவில்லை. பாதி முடிவில் இவர்கள் ஐந்து, எதிரணி ஏழு. மோசமில்லை, தாக்குதல்தான் நம்ம பலம் என்று டாம்சின் எல்லோருக்கும் தண்ணீர் பாட்டிலை நீட்டினாள்.

இரண்டாம் பாதியின் முதல் தாக்குதல். புகை ஜன்னலை மூடியது. டாம்சினின் கை உயர்ந்தது. "எடு" என்றாள் க்ளெனிஸ். தாமதமே இல்லாமல் சொல் காதில் விழ, அடுத்த நாற்காலியில் இருந்த செஃபோ அந்தக் கணமே பாய்ந்தான். ஒளிக்குண்டு அவன் முகத்துக்கு நேரே வெடித்தது. குருடாகி நின்றவனைச் சுட்டார்கள். பின்னால் வந்த மூவரும் வாசலில் முட்டிமோதி விழுந்தார்கள். அடுத்த சுற்றும் அப்படியே. அதற்கடுத்ததும்.

"க்ளென், நீ இன்னும் வீட்ல இருந்துதான் பேசிட்டிருக்கே" என்றாள் டாம்சின். கோபத்தில் சொல்லவில்லை. அதனாலேயே க்ளெனிஸுக்குச் சுருக்கென்று தைத்தது.

ஐந்துக்குப் பத்து. வாயை அடக்கிப் பேச அவளுக்கு வரவில்லை. ஆறு வருஷப் பழக்கம், சொல்லு என்று மூளை நினைக்குமுன் நாக்கு சொல்லிவிடுகிறது. அப்படியானால் சொல்வதை செஃபோ பார்த்துக்கொள்ளட்டும், முன்னால் நான் போகிறேன் என்றாள். யாரும் மறுக்கவில்லை. அணி தோற்றுக்கொண்டிருக்கும்போது அவள் தன் ஆசையைத் தீர்த்துக்கொள்ளக் கிளம்பினாள் என்று குறை சொல்லலாம். சொன்னால் தப்பில்லை.

செஃபோ சரியான கணத்தில் சொன்னான். அவள் பாய்ந்தாள். வாழ்க்கையில் முதல் தடவையாக அவள் கண்முன் எல்லாம் அப்போதைக்கு அப்போது நடந்தது. பெட்டிக்குப் பின்னால் ஒருவன் நின்றான். அவனை முழுசாகப் பார்த்தாள். அவன் துப்பாக்கி திரும்புவதையும் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள். அவன் சுட்டான்.

அடுத்த சுற்றில் வேறொருவன், வேறு மூலை. அதே கதைதான். கண் கண்டதைக் கை செய்யவில்லை. ஐந்துக்குப் பன்னிரண்டு.

இன்னும் ஒரு சுற்று போனால் ஆட்டம் முடிந்தது. டாம்சின் அரை நிமிஷ இடைவேளை கேட்டு வாங்கினாள். க்ளெனிஸ் இரண்டு கைகளையும் மேசைமேல் விரித்து வைத்திருந்தாள். எண்ணெய் தெறித்த தழும்புகளோடு அவை சாதாரணமாகத்தான் இருந்தன.

"லைன் இல்லப்பா. நான்தான்" என்றாள். பதினோரு வருஷம் வானத்தைத் திட்டியதை நினைக்க அவமானமாக இருந்தது.

"தெரியும் ஆன்ட்டி."

"எப்போலேருந்து?"

"மொத வாரத்துலேருந்து. நின்னுட்டு இருக்கிறவனையே நீங்க விட்டுடுவீங்க. நிக்கிறவனுக்கு லைன் என்ன பண்ணும்?" செஃபோ ஹெட்போனைச் சரிசெய்துகொண்டான். "நீங்க சுடணும்னா உங்களை வச்சிருக்கோம்?"

அப்போதுதான் அவளுக்கு வேறொன்று உறைத்தது. அந்த மூன்று சுற்றிலும் ஒளிக்குண்டு இன்னும் காற்றில் இருக்கிறது என்பது செஃபோவுக்குத் தெரிந்திருக்க வேண்டும். அவன் முகத்துக்கு முன்னால்தானே அது பறந்தது?

"குண்டு வெடிக்கலேன்னு நீ பாத்தேல்ல. அப்புறம் ஏன் போனே?"

"நீங்க எடுன்னு சொன்னீங்க" என்றான்.

நடுவர் மணியடித்தார். சொல் மறுபடி அவளிடம் வந்தது. யாரும் கொடுக்கவில்லை, அவளும் கேட்கவில்லை. புகை எழுந்தது. செஃபோ வாசலோரம் போய் நின்றான். டாம்சினின் கை உயர்ந்தபோது க்ளெனிஸ் பல்லைக் கடித்துக்கொண்டாள். குண்டு பறந்தது. உதட்டை இன்னும் அழுத்தினாள். குண்டு வெடித்தது. இப்போது, இப்போது என்று மனசு அடித்துக்கொண்டது. மறுபடி அவனைக் குருடாக்கிவிடுவோமோ என்ற பயத்தில் நாக்கு ஒட்டிக்கொண்டது. வெளிச்சம் அடங்கி எதிரிகள் கண்ணைத் திறந்த பிறகே "எடு" என்றாள்.

அதுவரை செஃபோ அசையவில்லை. வாசல் திறந்து கிடந்தது, நேரம் போவது அவனுக்கும் தெரிந்தது. அவள் சொன்ன பிறகுதான் பாய்ந்தான். முதல் தோட்டாவிலேயே விழுந்தான். மற்ற நால்வரும் வரிசையாக விழுந்தார்கள்.

எதிரணிக்காரர்கள் வந்து கைகுலுக்கிவிட்டுப் போனார்கள். மண்டபத்துக்கு வெளியே வாகன நிறுத்தத்தில் ஐவரும் பையோடு நின்றார்கள். அண்ணனும் தம்பியும் டாக்சி தேடப் போனார்கள், டாம்சின் யாரிடமோ போனில் தோற்றதைச் சொல்லிக்கொண்டிருந்தாள். க்ளெனிஸ் செஃபோவின் முன்கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அடுத்த ஞாயித்துக்கிழமை ஆட வர்றேன். ஆனா ஒண்ணு சொல்லு. நான் தப்பாச் சொன்னா, உன் கண்ணுக்குத் தப்புன்னு பட்டா, இனிமே போகாதே. சரியா?"

மறுத்துப் பேச அவனுக்கு வராது.

"அது முடியாது ஆன்ட்டி. முன்னால போறவன் நின்னு யோசிச்சான்னா, பின்னால வர்ற எல்லாரும் செத்தாங்க."

க்ளெனிஸ் அவன் கையை விடவில்லை. அப்படியானால் தப்பு செய்ய எனக்கு இடமே இல்லையா என்று கேட்க நினைத்தாள். ஆனால் சரி என்று தலையாட்டினாள்.