அரை நிமிடம் பிந்தி வந்த பந்து

பெருமாள்மலை சந்திப்பில் அண்ணன் டீக்கடை வைத்திருக்கிறான். நெட்வொர்க் படித்துவிட்டு வீடுகளுக்கு இணைய இணைப்பு கொடுக்கும் வேலையில் இருந்த நான்தான் கடையில் கேபிளைக் கழற்றிவிட்டு, நெட்டில் ஓடும் பெரிய டிவியை மாட்டினேன். மேட்ச் நாளில் ஜீப் டிரைவர்களுக்கு உட்கார இடம் போதாது.

எதிர்க்கடை கேபிள்காரருடையது, அங்கே கேபிள் டிவி ஓடும். நெட்டில் வரும் மேட்ச் கேபிளைவிட அரை நிமிடம் பிந்துகிறது என்பதை அவர் கண்டுகொண்டார். எங்கள் டிவியில் பந்துவீச்சாளர் ஓடத் தொடங்குவதற்கு முன்பே ரோட்டைத் தாண்டி அவர் குரல் வரும்.

"ஏலே, அவுட்டு. டீயைக் குடிச்சுட்டு வெரசா கெளம்புங்க."

அவுட்டாகும். ஒரு நாள் சாயங்காலம் டிரைவர்கள் ஒவ்வொருவராக எதிர்க்கடைக்கு நடந்தார்கள். "பழைய மேட்சை உக்காந்து பாக்கவாண்ணே?" என்றார் கடைசியாக எழுந்தவர்.

"அவன் மட்டும் எப்படி முந்திப் பாக்குறான்?" என்று அண்ணன் என்னிடம் கேட்டான்.

"நெட்டுல படத்தைக் கொஞ்சம் சேத்து வச்சுத்தாண்ணே அனுப்புவாங்க."

சேர்த்து வைப்பது கேபிள்காரர்தான் என்று அவன் எடுத்துக்கொண்டான். எங்கள் நெட் வயரும் அவர் கேபிள் வயரும் ஒரே கம்பத்தில்தான் போகின்றன. விறகு வெட்டும் அரிவாளோடு பெஞ்சின் மேல் ஏறி, தொங்கிய கறுப்பு வயரை வெட்டினான்.

கேபிள்காரர் கட்டிங் பிளேயரோடு ஓடிவந்து அவனை இழுத்துக் கீழே தள்ளினார். அரிவாள் அவர் முன்கையைக் கிழித்தது. அண்ணன் மறுபடி ஓங்கினான்.

"அண்ணே, நீ வெட்டுனது நம்ம வயரு."

ஓங்கிய கை நின்றது. திரும்பி எங்கள் டிவியைப் பார்த்தான். திரையில் வட்டம் சுற்றிக்கொண்டிருந்தது. அதற்குள் கேபிள்காரர் தன் கையிலிருந்த பிளேயரை அவன் தாடையில் இறக்கினார். எலும்பு உடைந்த சத்தம் எனக்குக் கேட்டது.

புறப்படத் தயாராக ஒரு ஜீப்தான் நின்றது. கொடைக்கானல் ஆஸ்பத்திரிக்கு இருவரையும் அதிலேயே எதிரெதிராக ஏற்றினோம். முதலில் கேபிள்காரரின் கை, ரத்தம் பீய்ச்சுகிறது. அடுத்து அண்ணனின் வாய், மூச்சு அடைக்கக் கூடாது. மூன்றாவது அரிவாள், அதை டிரைவரிடம் கொடுத்துவிட்டேன். நடுவில் மண்டியிட்டு, ஒரு கையால் அவர் காயத்தை அழுத்தினேன், மறு கையால் அண்ணனின் தலையைக் குனிய வைத்துப் பிடித்தேன்.

"நல்லா அமுக்கிப் பிடி தாயி" என்றார் கேபிள்காரர்.

அண்ணன் வாயிலிருந்த ரத்தத்தை, ஒரு பல்லோடு, அவர் முகத்தில் துப்பினான். அவர் அவன் முழங்காலில் உதைத்தார். காயம் மறுபடி பீய்ச்சியது.

"இனி யார் அசைஞ்சாலும் கைய எடுத்துருவேன்" என்றேன். எந்தக் கையை என்று சொல்லவில்லை.

ஆஸ்பத்திரி வாசல்வரை இருவரும் அசையவில்லை.