வாசலில் பதினேழு கேள்விகள்

படிவக் கட்டை இரண்டு கையாலும் பிடித்து மேசைமேல் தட்டுகிறார். நீளவாக்கில் மூன்று தட்டு, அகலவாக்கில் மூன்று தட்டு. ஒரு தாளின் ஓரம்கூட வெளியே நீட்டிக்கொண்டிருக்கக் கூடாது. அப்புறம் பேனா. கட்டைவிரல் நகத்தில் கோடு இழுத்துப் பார்க்கிறார், மை வருகிறது. ஞாயிறு காலை ஏழே முக்கால் மணி. ஆலயத்தின் தலைவாசலில், பாதி வழியை அடைத்தாற்போல மேசையைப் போட்டு ஃபாரம் சார் உட்கார்ந்துவிட்டார். இனி புதிதாக வருகிறவர்கள் அவரைத் தாண்டித்தான் ஆண்டவரிடம் போக வேண்டும்.

சபையில் அவருக்கு வழங்கும் பெயர் அதுதான். பெற்றோர் வைத்த பெயர் ஒன்று உண்டு. அது ஞானஸ்நானப் பதிவேட்டில் நிம்மதியாகத் தூங்குகிறது. பதிவு அலுவலகத்தில் முப்பத்து நான்கு வருடம் வேலை பார்த்து, கண்காணிப்பாளராக ஓய்வு பெற்றவர். "ஒரு கட்டம் காலியா இருந்தாலும் திருப்பி அனுப்பிடுவேன். மந்திரி சிபாரிசோட வந்தாலும் எனக்கு ஒண்ணுதான்" என்பார். ஓய்வு பெற்ற அன்று அலுவலகத்தில் எல்லாரும் கைதட்டினார்கள். அவர் போகிறார் என்ற வருத்தத்தில் தட்டினார்கள் என்று அவர் இன்றுவரை நம்புகிறார்.

படிவம் பிறந்த கதை மூன்று வருடத்துக்கு முந்தியது. சபை மண்டபத்தில், 'நவீன சமுதாயத்தில் திருச்சபையின் அடையாளமும் பணியும்' என்று ஒரு கருத்தரங்கு நடந்தது. வெளியூரிலிருந்து வந்த பேச்சாளர் இரண்டு மணி நேரம் பேசி, "நீங்கள் எதற்காக இருக்கிறீர்கள்?" என்று கேட்டுவிட்டு ரயிலைப் பிடிக்கப் போய்விட்டார். அந்தக் கேள்விக்குப் பதில் கண்டுபிடிக்கப் பதினோரு பேர் கொண்ட குழு ஒன்றை அமைத்தார்கள். குழு ஒன்பது முறை கூடியது. அடையாளத்தைப் பற்றி ஐந்து கூட்டம் பேசி, உறுப்பினர் எல்லாருக்கும் கழுத்தில் மாட்டும் அட்டை கொடுப்பது என்று முடிவு செய்தார்கள். பணியைப் பற்றிய நான்கு கூட்டத்தில் இரண்டு, மண்டபத்துக்கு ஏசி போடுவதிலும் ஆலயத்துக்கு ஏசி போடுவதிலும் எது முந்தி என்ற தகராறில் போயிற்று. வாலிபர் சங்கத் தலைவர் வெளிநடப்பே செய்தார். அவருக்கு வயது நாற்பத்தாறு, தலையில் முடி கிடையாது, ஆனாலும் ரத்தம் சூடானது.

சபை எதற்காக இருக்கிறது என்று பதினோரு பேருக்கும் தெரியவில்லை. தெரியவில்லை என்று ஒத்துக்கொள்ளவும் யாருக்கும் மனம் வரவில்லை. அப்போதுதான் கடைசி நாற்காலியிலிருந்து ஃபாரம் சார் கையைத் தூக்கினார்.

"நாம ஏன் மண்டையை உடைச்சுக்கணும்? புதுசா வர்றவங்க ஏதோ ஒண்ணை நெனச்சுத்தானே வர்றாங்க? அவங்களையே எழுதித் தரச் சொல்லிடுவோம்."

குழு பெருமூச்சு விட்டது. ஆளுக்கொரு கேள்வியைச் சேர்த்தார்கள். பெயர், தகப்பன் பெயர், முகவரி, தொலைபேசி எண் முடிந்ததும், ஞானஸ்நானம் எங்கே, யார் கையால் என்று வரும். ரத்த வகை, சபைச் செயலர் போட்டது. 'குரல் கனமா, மெல்லிசா?' என்பது பாடகர் குழு போட்டது. பதினான்காவதுதான் மூலக் கேள்வி: 'திருச்சபையின் பணி என்னவென்று கருதுகிறீர்கள்? மூன்று வரிக்கு மிகாமல் எழுதுக.' பதினேழாவது: 'மீண்டும் வருவீர்களா? இல்லையெனில் காரணம் தருக.'

வந்த பதில்களை வருடவாரியாகக் கோப்பில் கட்டி வைத்திருக்கிறார். வந்த நோக்கம் என்ன என்ற ஒன்பதாம் கேள்விக்கு ஒருவர் 'மழை' என்று எழுதியிருக்கிறார். ஒருவர் 'கழிப்பறை'. 'பாட்டு நன்றாக இருந்தது, இப்போது நின்றுவிட்டது' என்று ஒரு பெண்மணி. அவர் வாசலில் உட்கார்ந்து எழுதி முடிப்பதற்குள் ஆராதனையே முடிந்துவிட்டது. பதினான்காம் கேள்வியைப் பெரும்பாலும் காலியாக விட்டுவிடுவார்கள். இவர் விடமாட்டார். "நீங்க நெனக்கிறதை எழுதுங்க, தப்பா இருந்தாலும் பரவாயில்லை" என்று பேனாவைத் திரும்ப நீட்டுவார். செருப்பைக் கழற்றிய கையோடு திரும்ப மாட்டிக்கொண்டு போனவர்கள் நிறைய.

போன வருடம் புதிய போதகர் மாற்றலாகி வந்தார். முதல் ஞாயிறு, அங்கியைப் பையில் வைத்துக்கொண்டு தலைவாசல் வழியாகச் சாதாரணமாக நுழைந்தார். புது முகம். ஃபாரம் சார் சும்மா இருப்பாரா? படிவத்தை நீட்டினார். போதகர் பொறுமைசாலி, உட்கார்ந்து பதினேழையும் நிரப்பினார். மீண்டும் வருவீர்களா என்பதற்கு, 'வேறு வழியில்லை' என்று எழுதினார். இவர் படித்துப் பார்த்து, "ஆம், இல்லைன்னு தெளிவா எழுதணுங்க" என்று திருப்பிக் கொடுத்தார். உள்ளே சபை எழுந்து நின்று காத்துக்கொண்டிருந்தது.

அந்தப் போதகர்தான் இந்த வருடம் ஒரு கணக்கைக் கேட்டார். மூன்று வருடத்தில் படிவம் நிரப்பியவர்கள் இருநூற்றுப் பன்னிரண்டு பேர். இவர்களில் இரண்டாம் முறை வந்தவர் எத்தனை?

"பார்த்துச் சொல்றேங்க ஐயா" என்றார் ஃபாரம் சார். பார்க்க வேண்டிய அவசியமே இல்லை. கோப்பில் 'மறு வருகை' என்ற பத்தியில் இன்றுவரை பேனா படவில்லை.

"அவசரமில்லை, வருடாந்தரக் கூட்டத்துல சொல்லுங்க" என்றார் போதகர். பக்கத்தில் நின்ற வாலிபர் சங்கத் தலைவர் விடவில்லை. "ஒருத்தர்கூட இல்லைன்னா மேசையை எடுத்துடலாம் ஐயா. ஒரு க்யூஆர் அட்டையை மாட்டிட்டா போன்ல ஸ்கேன் பண்ணிட்டுப் போயிட்டே இருப்பாங்க. எதுக்கு ஆள்?"

எதுக்கு ஆள் என்ற சொல் இவருக்கு நெஞ்சில் போய்த் தைத்தது. வாரத்தில் ஆறு நாள் அவர் வீட்டில் வேண்டாத சாமான். மளிகைச் சீட்டில் வரிசை எண் போடுவார், தொலைபேசியில் தவறான எண்ணுக்கு வந்தவரிடம்கூட யார், எவர் என்று விசாரிப்பார். ஏழாவது நாள்தான் அவருக்கு ஒரு நாற்காலி, ஒரு மேசை, எதிரில் ஒரு மனிதர். அவர் மனைவிக்கும் கவலைதான், ஆனால் வேறு கவலை. "அந்த மேசை போச்சுன்னா இந்த மனுஷன் சமையல்கட்டு வாசல்ல வந்து உட்கார்ந்துடுவாரு. எப்படியாவது ஒரே ஒரு ஆளைத் திரும்ப வர வைங்க, உங்களுக்குப் புண்ணியமாப் போகும்" என்று போதகரின் மனைவியிடமே சொல்லிவிட்டார்.

அந்த ஒரே ஒரு ஆள் உண்மையில் வந்துகொண்டிருந்தாள்.

பக்கவாட்டுக் கதவு ஒன்று உண்டு. குழாயடியிலிருந்து கடைசி பெஞ்சுக்கு வரும் வழி. தாழ்ப்பாள் உடைந்து எப்போதும் பாதி திறந்தே கிடக்கும். எட்டரை மணி வாக்கில், பிரசங்கம் தொடங்கும் நேரத்தில், வெளிறிப்போன நீலச் சீருடையில் ஒரு பெண் அதன் வழியாக நுழைவாள். நாற்பது வயது இருக்கும். கைகள் இரண்டும் வெந்நீரில் ஊறினதுபோல வெளுத்துச் சுருங்கியிருக்கும். கடைசி பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்து, பையை மடியில் வைத்துக்கொண்டு, கண்ணை மூடுவாள். ஜெபிக்கிறாளா, தூங்குகிறாளா என்று சொல்ல முடியாது. கடைசிப் பாட்டு தொடங்கும்போது போய்விடுவாள். ஐந்து ஞாயிறாக வருகிறாள். தலைவாசலைக் காத்தவருக்கு இது தெரியவந்ததே ஐந்தாவது ஞாயிற்றில்தான்.

ஃபாரம் சாருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. இருநூற்றுப் பன்னிரண்டு பேரில் கிடைக்காத ஆள்! ஆனால் படிவம் நிரப்பாதவள். சட்டப்படி அவள் இன்னும் முதல் முறைகூட வரவில்லை. ஆறாவது ஞாயிறு மேசையைத் தூக்கிக்கொண்டுபோய்ப் பக்கவாட்டுக் கதவருகே போட்டார். அன்று தலைவாசல் வழியாகப் புதியவர்கள் ஏழு பேர் எந்தக் கேள்வியும் இல்லாமல் உள்ளே போனார்கள்.

அவள் வந்தாள். மேசையைப் பார்த்ததும் நின்றாள்.

"உட்காருங்கம்மா. ரெண்டே நிமிஷம். நீங்க சொல்லுங்க, நானே எழுதிக்கறேன்" என்றார். சரித்திரத்தில் முதல் தடவையாக அவர் கொடுத்த சலுகை அது. "பேரு?"

"எதுக்குங்க சார்?"

"பதிவுக்குத்தான்."

"நான் ஒண்ணும் கேட்டு வரலையே. உட்கார வந்தேன்."

"அதையும் எழுதிக்கலாம்மா. ஒன்பதாம் கேள்வி."

அவள் சிரித்தாள், சண்டைக்கு வரவில்லை. குரலைத் தாழ்த்தி, உள்ளே பிரசங்கத்துக்குத் தொந்தரவு ஆகாமல் சொன்னாள். "சார், நான் ஆஸ்பத்திரியில துணி வெளுக்கிற எடத்துல இருக்கேன். உள்ள போகக் கைரேகை, வெளிய வரக் கைரேகை. வீட்டு ஓனர் வருஷா வருஷம் ஒரு ஃபாரம் தருவாரு. பையன் ஸ்கூல்ல ஒண்ணு. அவங்கப்பா எங்கன்னு அதுல ஒரு கட்டம் இருக்கும். எங்க போனாலும் நான் யாரு, எவ, எதுக்கு வந்தேன்னு சொல்லித்தான் உட்காரணும். இங்க அஞ்சு வாரமா ஒருத்தரும் ஒண்ணும் கேட்கலை. அதான் வந்தேன். கேட்கணும்னா சொல்லிடுங்க, நான் போயிடுறேன்."

பேனா முதல் கட்டத்தின் மேல் நின்றது. இப்படி ஒரு பதிலை எந்த எண்ணுக்கு நேராக எழுதுவது என்று அவருக்குத் தெரியவில்லை. பதினான்காம் கேள்வியை மனத்துக்குள் ஒருமுறை படித்துப் பார்த்தார். பிறகு மேசையைச் சற்றுத் தள்ளி, அவள் போக வழி விட்டார். அவள் உள்ளே போய் வழக்கமான இடத்தில் உட்கார்ந்தாள். கண்ணை மூடவில்லை, அன்று மட்டும் கதவுப் பக்கம் பார்த்துக்கொண்டே இருந்தாள். அதைக் கண்டதும் அவருக்கு வெட்கமாக இருந்தது. முப்பத்து நான்கு வருடத்தில் எத்தனையோ பேர் தன்னை அப்படிப் பார்த்திருப்பார்கள் என்று அப்போதுதான் உறைத்தது. மேசையை ஓசைப்படாமல் தூக்கித் தலைவாசலுக்கே கொண்டுபோனார்.

அந்த வாரம் வருடாந்தரக் கூட்டம். போதகர் கேட்டார்: "திரும்ப வந்தவங்க?"

ஃபாரம் சார் எழுந்தார். சொன்னால் மேசை பிழைக்கும். ஆனால் சொன்னால் என்னாகும் என்றும் அவருக்குத் தெரியும். சபையைத்தான் பிறந்ததிலிருந்து பார்க்கிறாரே! அடுத்த ஞாயிறே சால்வை போர்த்துவார்கள். மேடையேற்றிச் சாட்சி சொல்லச் சொல்வார்கள். மாத இதழுக்குப் புகைப்படம், வாட்ஸ்அப் குழுவில் அவள் எண், புதன்கிழமை வீட்டுக்கு ஆறு பேர் கொண்ட சந்திப்புக் குழு. அந்தக் குழு போனதும் முதலில், வீட்டுக்காரர் எங்கே என்றுதான் கேட்கும்.

"பதிவுல யாரும் இல்லைங்க ஐயா."

"ஒருத்தர்கூடவா?"

"பதிவுல இல்லைங்க" என்று மறுபடியும் சொல்லிவிட்டு உட்கார்ந்தார். பொய் சொல்லவில்லை; பதிவில் யாரும் இல்லைதான்.

இரண்டு தீர்மானங்கள் நிறைவேறின. ஒன்று, மேசை நீக்கம். இதுவரை ஆற்றிய பணிக்கு நன்றி. இரண்டாவது, ஆலயத்துக்கு ஏசி வந்துவிட்டதால் குளிர் வீணாகாமல் கதவுகள் தாமாக மூடிக்கொள்ள ஏற்பாடு. 'நம் சபையின் கதவு எல்லாருக்கும் திறந்திருக்கிறது' என்ற புதிய நோக்கவுரையையும் அதே கூட்டத்தில் கைதட்டி ஏற்றுக்கொண்டார்கள். வாலிபர் சங்கத் தலைவர் அதைப் பெரிய பதாகையாக அடித்து, ஞாயிறன்று தலைவாசலுக்கு மேலே மாட்டினார். அதற்குக் கீழே ஸ்கேன் அட்டை.

அன்று ஃபாரம் சார் மனைவியின் பக்கத்தில், உள்ளே உட்கார்ந்திருந்தார். மிச்சமிருந்த வெற்றுப் படிவங்களை வீட்டுக்கு எடுத்துப்போகச் சொல்லிவிட்டார்கள். நூறு நூற்றைம்பது இருக்கும், மடியில் கிடந்தன. கைகளை எங்கே வைப்பது என்று தெரியாமல் படிவங்களின்மேல் வைத்திருந்தார். எட்டேகால் மணிக்குத் திரும்பிப் பார்த்தார். பக்கவாட்டுக் கதவுக்குப் புதிய ஸ்பிரிங் போட்டிருந்தார்கள். தாழ்ப்பாளும் புதியது; உள்ளேயிருந்து மட்டும்தான் திறக்கும், வெளியே பிடிகூடக் கிடையாது.

போதகர் பிரசங்க மேடை ஏறினார். ஃபாரம் சார் எழுந்தார்.

"எங்க போறீங்க? எல்லாரும் பார்க்குறாங்க" என்று மனைவி சட்டையைப் பிடித்து இழுத்தார்.

"இதோ வந்துடுறேன்."

நடைபாதையில் அவர் செருப்பில்லாத கால் ஒவ்வோர் அடிக்கும் சத்தம் போட்டது, எல்லாரும் பார்த்தார்கள்தான். கதவைத் தள்ளித் திறந்தார். விட்டதும் அது மூட வந்தது. காலால் தடுத்துக்கொண்டு, படிவக் கட்டை முழங்கால்மேல் வைத்து நீளவாக்கில் மூன்று தட்டு, அகலவாக்கில் மூன்று தட்டு தட்டினார். ஓரம் ஒன்றாகச் சேர்ந்ததும் இரண்டாக மடித்தார். பிறகு முட்டி மடக்கிக் குனிந்து, ஓர் ஆள் நுழையும் அளவு இடைவெளி விட்டு, கதவின் அடியில் அதை இறுகச் செருகினார்.