தடை உத்தரவுக்கு உட்பட்ட நாற்காலி

எங்கள் அலுவலகத்தில் கை வைத்த நாற்காலி ஒன்றே ஒன்றுதான் இருந்தது. சூப்பிரண்டு நாற்காலி. குமாஸ்தாக்களுக்கெல்லாம் கையில்லாதது, எழுதுகிற கைக்கு ஓய்வு எதற்கு என்று அரசாங்கம் நினைத்திருக்கலாம். எழுபதுகளின் கடைசியில் அது காலியானது. பிறகு பல வருடம் தூசியைத் தவிர யாரும் அதில் உட்காரவில்லை. ஜன்னலுக்கு வெளியே மலை, உள்ளே நாற்காலி, இரண்டும் அசையவில்லை.

காரணம், உயர் நீதிமன்றத்தில் கிடந்த ஒரு பணிமூப்பு வழக்கு. போட்டவரை நாங்கள் மனுதாரர் என்றே அழைத்தோம். எதிர்த்தரப்பு, அவருடைய பக்கத்து மேஜை பாய். இருவரும் இளம் வயதில் ஒரே வெள்ளிக்கிழமை வேலைக்குச் சேர்ந்தவர்கள். கீழ்பென்னாத்தூர் பஸ் அவர்களை இறக்கிவிட்டபோது பத்தரை தாண்டி, ராகு காலம் தொடங்கிவிட்டது. பாய்க்கு ஜும்மா தொழுகை இருந்தது. "நீங்க போய் கையெழுத்துப் போடுங்க பாய், எனக்கென்ன அவசரம்" என்று அனுப்பிவிட்டு, வீட்டில் சொல்லி அனுப்பியபடி வராந்தாவில் நின்று, பன்னிரண்டு தாண்டியதும் மனுதாரர் கையெழுத்திட்டார். பாய் முற்பகல், அவர் பிற்பகல். அந்த அரை நாளால் பாய் சீனியர். ஓய்வு நெருங்கும் வயதில் நாற்காலி பாய்க்குப் போகவிருந்தபோது, மனுதாரர் மெட்ராஸ் போய்த் தடை உத்தரவு வாங்கிவந்தார்.

முற்பகலிலேயே வந்துவிட்டேன், பதிவேட்டைத்தான் தரவில்லை என்பது அவர் மனு. இருவரும் முற்பகல் என்றாகிவிட்டால், வயதில் மூத்த அவரே சீனியர். உண்மைக் காரணத்தை எழுத முடியாது. இடைப்பட்ட காலத்தில் அவர் பகுத்தறிவாளராகிவிட்டார். தேரடியில் மேடையேறி, நல்ல நேரம் பார்ப்பவர்களை நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி கேட்பவர்.

வாய்தாவுக்கு வாய்தா இருவரும் ஒரே பஸ்ஸில், ஒரே சீட்டில் மெட்ராஸ் போனார்கள். மனுதாரர் வீட்டு எலுமிச்சை சாதத்தில் பாதி எதிர்மனுதாரருக்கு. ஒரு நாள் டீக்கடையில் நானும் உடனிருந்தபோது பாய் சொன்னார்:

"தலைவரே, நீங்க என்கூடத்தான் வந்தீங்கனு நானே எழுதித் தர்றேன். நீங்களே உக்காருங்க. அலைச்சல் ஜாஸ்தியா போச்சு."

"அப்போ ஏன்யா பன்னெண்டு வரைக்கும் கையெழுத்துப் போடலைனு ஜட்ஜு கேப்பாரு, பாய்."

"கேட்டா உள்ளதைச் சொல்லுங்க."

"அப்புறம் எந்த மூஞ்சிய வெச்சிக்கிணு மேடை ஏறுறது?"

அன்று அதை நகைச்சுவை என்றே நினைத்தேன். துணுக்காக எழுதிப் பத்திரிகைக்கு அனுப்பினேன், திரும்பி வந்தது. பத்திரிகைகளுக்கும் எப்போதாவது நல்ல புத்தி வருவதுண்டு.

மனுதாரர் ஓய்வு பெற்ற அன்று, போட்டோவுக்காவது அந்த நாற்காலியில் உட்காரச் சொன்னோம். பாயே தன் துண்டால் துடைத்துவிட்டார். மனுதாரர் அதன் கையை ஒருமுறை தடவிப் பார்த்துவிட்டு, தன் பழைய நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார். "நானே வாங்கின தடைப்பா. நானே மீறினா நல்லாயிருக்காது." போட்டோவில் மாலையும் கழுத்துமாக அவர், பக்கத்தில் காலி நாற்காலி.

தடை விலகுவதற்குள் பாயும் குமாஸ்தாவாகவே ஓய்வு பெற்றார். அதற்கடுத்த மார்கழியில் மனுதாரர் இறந்துபோனார். ராகு காலம் கழியட்டும் என்று உறவினர்கள் எடுக்காமல் வைத்திருந்தார்கள். தெருவில் நின்ற பாய், யாரிடமும் என்றில்லாமல், "இன்னிக்கும் நிக்க வெச்சுட்டாங்களே அவர" என்றார். சில மாதங்களில் தீர்ப்பு வந்தது: இருவருமே பணியில் இல்லாததால் தீர்மானிக்க ஒன்றுமில்லை.

வரிசையில் அடுத்தவன் நான். திறமையால் அல்ல, முன்னால் நின்ற இருவரும் ஒருவரையொருவர் மறித்துக்கொண்டதால். உத்தரவு வந்ததும் ஒரு வெள்ளிக்கிழமைதான், பதினொரு மணிக்கு. "பன்னெண்டு ஆவட்டுங்க சார்" என்றார் பியூன். நாலு புத்தகம் படித்தவனாயிற்றே, கேட்பேனா? அந்தக் கணமே கையெழுத்திட்டு முற்பகல் என்று எழுதினேன். உட்கார்ந்தது மட்டும் பன்னிரண்டுக்குப் பிறகு. அதுவரை வராந்தாவில் நின்று மலையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பென்ஷன் விஷயமாக பாய் எப்போதாவது வருவார். எதிரே கையில்லாத நாற்காலியில் உட்கார்ந்து, "வசதியா இருக்கா தம்பி?" என்பார். "இருக்குங்க பாய்" என்பேன். உண்மையில், இதில் கைகளை எங்கே வைத்துக்கொள்வது என்று எனக்கு இன்னும் பழகவில்லை.