நான்காவது எல்லைக்கல்

என் மேசை இழுப்பறையில் ஒரு பழைய துணி டேப் இருக்கிறது. தோல் உறையில் முப்பது மீட்டர் என்று அச்சிட்டிருக்கும். உள்ளே இருப்பது இருபத்தொன்பது மீட்டர் சில்லறைதான். முனையிலிருந்த பித்தளை வளையமும் அதை ஒட்டிய முக்கால் மீட்டர் துணியும் ஒரு முள்வேலியில் மாட்டி அறுந்துபோயின. அறுந்த டேப்பில் அளப்பதற்கு எங்களிடம் ஒரு வழக்கம் உண்டு. ஒருவர் ஒன்று என்ற எண்ணில் கட்டைவிரலை அழுத்திப் பிடித்துக்கொள்வார். மறுமுனையில் இருப்பவர், வேண்டிய அளவோடு ஒன்றைக் கூட்டிக் குறிக்க வேண்டும். பன்னிரண்டு மீட்டர் வேண்டுமென்றால் பதின்மூன்றில் முளை அடிக்க வேண்டும். எட்டு மாதம் அப்படித்தான் அளந்தோம். ஒன்றில் விரல் வைத்தவர் மேஸ்திரி. பதின்மூன்றில் நின்றவன், ஓவர்சீயராக இருந்த நான்.

அளந்தது திண்டிவனத்தில் ஒரு இணைப்புச் சாலைக்காக. பெயர்தான் நெடுஞ்சாலை, நீளம் இரண்டாயிரத்து நூற்றுப் பதினான்கு மீட்டர். அந்த நாளில் இரண்டாயிரத்து எண்ணூற்று அறுபது காலடிகளில் நடந்து முடித்துவிடுவேன். இப்போது முழங்கால் படுத்தும் பாட்டில் மூவாயிரத்தைத் தாண்டுகிறது. அரிசி ஆலை மதிலில் தொடங்கி, ஏரி வாய்க்காலை ஒட்டி இடப்பக்கம் வளைந்து, மூன்று சிறுபாலங்களைக் கடந்து, மாதா கோயில் அருகே நேராகி, பெட்ரோல் பங்க் எதிரே புதுச்சேரிச் சாலையில் சேரும். அதற்கு முன் அது வெறும் வண்டித் தடம். பெருமுக்கல் பக்கத்திலிருந்து மல்லாட்டை, அதாவது நிலக்கடலை, மூட்டை ஏற்றி வரும் மாட்டுவண்டிகளுக்கு மட்டும் உதவியது. லாரியும் பேருந்தும் கடைத்தெருவுக்குள் புகுந்துதான் வெளியே வர வேண்டும். ஒருமுறை ஒரே பேருந்து நாற்பத்தேழு நிமிடம் நகராமல் நின்றதை நானே கடிகாரம் பார்த்து எழுதி வைத்திருக்கிறேன். சாலை அவசியம்தான். அதில் எனக்கு இன்றும் சந்தேகம் இல்லை.

மேஸ்திரியின் வீடு இரண்டாவது பாலத்துக்கும் மூன்றாவது பாலத்துக்கும் நடுவில், வண்டித் தடத்தைப் பார்த்தபடி இருந்தது. கூலி வேலை பார்த்த குடும்பத்தில் முதன்முதலாகச் செங்கல்லில் எழுந்த வீடு. இரண்டே அறை. முன்னறையில் அவர் மனைவி இட்லிக் கடை வைத்திருந்தார். வண்டிக்காரர்கள் விடியலில் அங்கேதான் சாப்பிடுவார்கள். நானும் சாப்பிட்டிருக்கிறேன், ஒரு வேளைக்கு ஐந்து இட்லி. ஆறாவதை அந்த அம்மா கேட்காமலே வைத்துவிட்டு, “எண்ணாம துன்னுங்க சார், ஒடம்புல ஒட்டும்” என்பார். சாலையின் நடுக்கோட்டிலிருந்து இரு பக்கமும் பன்னிரண்டு மீட்டர் எங்கள் எல்லை.

அந்த வீட்டுப் பக்கம் அளக்கப் போன நாளில் அலுவலகத்திலிருந்து புது டேப் வந்திருந்தது. வளையத்தோடு, முழு முப்பது மீட்டர். காலையில் மூன்று இடங்களில் எல்லை குறித்தோம். மூன்றும் வெற்று நிலம். மேஸ்திரி வளையத்தைப் பிடித்தார். நான் எட்டு மாதப் பழக்கத்தில் பதின்மூன்றில் போய் நின்றேன். நான்காவது இடம் அவர் வீடு. முளை அவருடைய முன்னறைக்குள் விழுந்தது.

“சார், கோடு உள்ள வராது சார். போன வாரம் பழைய டேப்புல நானே அளந்து பாத்தேன். படிக்கு வெளியதான் வந்துச்சி” என்றார்.

“ஆபீஸ் டேப்பை எடுத்துக்கினு போய் சொந்த வீட்டை அளந்தியா நீ?”

“ஒரு பயத்துல அளந்தேன் சார். இன்னொரு தபா பாத்துடுங்க.”

“மூணு இடத்துல வாயைத் தொறக்கல. உன் வீடு வந்ததும் கணக்கு தெரிஞ்சிடுச்சா?”

உடனிருந்த ஆட்கள் சிரித்தார்கள். மேஸ்திரி என்னைவிட ஒன்பது வயது மூத்தவர். அவரை நான் ஒருமையில்தான் அழைத்தேன். அதில் தவறிருப்பதாக அப்போது தோன்றியதே இல்லை. மூன்றாம் நாள் சுவரை இடித்தார்கள். இட்லிப் பானையையும் அடுப்பையும் மேஸ்திரியே தூக்கிப் பின்பக்கம் வைத்தார்.

பதினோராம் நாள் அளவுப் புத்தகத்தைச் சரிபார்க்கும்போது நான்கு இடத்திலும் ஒரு மீட்டர் உதைத்தது. புது டேப்பில் கூட்டக் கூடாத ஒன்றைக் கூட்டியிருக்கிறேன் என்று புரிந்தது. யாரிடமும் சொல்லாமல் போய், இடிந்த சுவரின் அடித்தளக் கல்லை அளந்தேன். பன்னிரண்டு மீட்டர் நாற்பது சென்டிமீட்டர். சரியாக அளந்திருந்தால் எங்கள் கோடு அந்தச் சுவரைத் தொட்டே இருக்காது.

மறுநாள், முதல் மூன்று எல்லைக்கற்களையும் ஒரு மீட்டர் சாலைப் பக்கமாகத் தள்ளி நடச் சொன்னேன். பெயர்த்து நட்டவர் மேஸ்திரிதான். மூன்றாவதை முடித்துவிட்டு, கடப்பாரையோடு தன் வீட்டெதிரே இருந்த நான்காவது கல்லருகே போய் நின்று என்னைப் பார்த்தார். அந்தக் கல்லை நகர்த்தினால் சுவரை ஏன் இடித்தோம் என்று மேலே பதில் எழுத வேண்டும். நான் எழுதத் துணியவில்லை.

“அது இருக்கட்டும்” என்றேன்.

“சரிங்க சார்” என்று கடப்பாரையைத் தோளில் போட்டுக்கொண்டு போய்விட்டார்.

அதன் பிறகு நான்கு ஆண்டு என்னோடு வேலை பார்த்தார். அந்தக் கல்லைப் பற்றி ஒருநாளும் பேசியதில்லை. அந்த அம்மா கடையை விட்டுவிட்டு மல்லாட்டை பிடுங்கப் போனார். எனக்கு மாற்றல் வந்தது. விழுப்புரத்தில் வீடு கட்டினேன். அதன் முன்னறை பன்னிரண்டுக்குப் பத்து.

மேஸ்திரி இறந்த செய்தி ஏழு மாதம் கழித்துத்தான் எனக்கு எட்டியது. பழைய டேப்பைப் பையில் போட்டுக்கொண்டு திண்டிவனம் பேருந்தில் ஏறினேன். பத்தொன்பது பேர் நின்றுகொண்டிருந்தார்கள், நானும் ஒருவன். புறவழிச்சாலை வந்தபின் பெரிய வண்டிகள் எங்கள் இணைப்புச் சாலைக்கு வருவதில்லை. அரிசி ஆலை இருந்த இடத்தில் கல்யாண மண்டபம். ஏரி வாய்க்கால் சிமெண்ட் பலகைக்கு அடியில் போய்விட்டது. நாங்கள் வெட்டிய நாற்பத்தொரு புளியமரங்களுக்கு ஈடாக வைத்ததில் ஆறு வேம்பு மிச்சம். நான்காவது கல் அப்படியே இருக்கிறது. அந்த ஒரு மீட்டர் யாருக்கும் எதற்கும் பயன்படவில்லை. முப்பத்திரண்டு ஆண்டாகக் குப்பை மேடு.

அந்த அம்மாவுக்கு என்னை அடையாளம் தெரிந்தது. டேப்பைப் பார்த்ததும் முகம் மாறியது.

“இன்னா சார், மறுபடியும் இடிக்கப் போறாங்களா?”

“இல்லம்மா. அன்னைக்கு அளந்ததை ஒருமுறை பாக்கணும். இந்த ஒண்ணுல கட்டைவிரலை வச்சி அந்தக் கல்லு மேல புடிச்சிக்குங்க.”

“அவுரு இருந்தா அவுரே புடிச்சிருப்பாரு” என்று சொல்லிக்கொண்டே குனிந்தார்.

நான் உறையோடு சாலை நடுவே போனேன். “யோவ் பெருசு, ரோட்ட வெலைக்கு வாங்கப் போறியா? ஓரமா போயா!” என்று பைக்கில் வந்த ஒருவன் கத்திவிட்டுப் போனான். வெள்ளைக் கோட்டின்மேல் பதினான்கு காட்டியது. ஒன்று போனால் பதின்மூன்று. பன்னிரண்டு இருந்திருக்க வேண்டும்.

திரும்பி வந்து எல்லாவற்றையும் சொன்னேன். புது டேப், என் பழக்கம், மூன்று கல், நான்காவது கல். எதையும் குறைக்கவில்லை. கல்லருகே குனிந்திருந்தவர் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

“அப்போ அவுரு சரியாத்தான் புடிச்சாரா?”

“சரியாத்தான் புடிச்சார்.”

“நான் அவுர சும்மா வுடல சார். சொந்த வூட்ட அளக்கும்போதுகூட டேப்ப ஒழுங்கா புடிக்கத் தெரியாதவருன்னு சாவுற வரைக்கும் சொல்லிக் காமிச்சிக்கினே இருந்தேன். பேரப் புள்ளைங்க எதுருலயே. சார் படிச்சவரு, அவரு கணக்கு தப்பாதுன்னு வேற சொல்லுவேன். கேட்டுக்கினு கம்முனு இருப்பாரு.”

மன்னிப்புக் கேட்கத்தான் போயிருந்தேன். அதற்கான நான்கு வாக்கியங்களைப் பேருந்திலேயே தயாரித்து வைத்திருந்தேன். அவற்றை விட்டுவிட்டு உறையின் கைப்பிடியைச் சுற்றத் தொடங்கினேன். மண்ணில் தளர்ந்து கிடந்த டேப் மெல்ல உள்ளே வந்தது. சிறிது தூரத்தில் விறைத்து நின்றுவிட்டது. ஒன்றில் வைத்த கட்டைவிரலை அவர் இன்னும் எடுக்கவில்லை.