சட்டைப் பையில் இருந்த கோப்புகள்

என் கையெழுத்தும் எழுத்துப் பிழைகளும் உங்களைச் சிரமப்படுத்தும், மன்னியுங்கள். ஐந்தாம் வகுப்போடு படிப்பை விட்டவன் நான்.

செத்தவீடுகளை வெளிநாட்டு உறவுகளுக்கு இணையத்தில் நேரடியாகக் காட்டும் மானிப்பாய்க் கடையொன்றில் வேலை செய்கிறேன். ஒருநாள் கணினியில் இடமில்லை என்று வந்தது. திறக்க முடியாத சில கோப்புகளை, தேவையில்லாதவை என்று நினைத்துப் பென் ட்ரைவுக்கு மாற்றினேன். முதலாளியிடம் கேட்கக் கூச்சம்.

மறுநாள் புத்தூரில் ஒரு பெரியவரின் செத்தவீடு. கனடாவில் ஒரே மகள் பார்க்கக் காத்திருந்தாள். எங்கள் இணையப் பக்கம் திறக்கவில்லை.

"பக்கம் திறக்கவும் படத்தை நேரடியாய்க் காட்டவும் வேணுமான கோப்புகளைக் கணினியிலை காணேல்லை. ஆர் அண்ணை கை வைச்சது?" என்று என்னைக் கேட்டார் என்னிலும் இளையவரான முதலாளி.

அவை என் சட்டைப் பையில் இருந்தன. அத்தனை சனத்துக்கு முன்னால் சொல்லக் கூச்சம்.

"தெரியாது தம்பி."

"இந்தா வந்திடும்" என்று அவர் சொல்லிக்கொண்டே இருந்தார். எல்லாரும் நம்பிக் காத்திருந்தார்கள்.

"நேரம் போகுது, பெட்டியை மூடுங்கோ" என்றார் குருக்கள்.

மூடிய பிறகுதான் ஒருவர் கைபேசியில் மகளை அழைத்தார்.

"அப்பான்ரை முகத்தை ஒருக்கால் காட்டுங்கோ" என்றாள்.

மூடியைத்தான் காட்டினார்கள்.

கூச்சத்தை நல்ல குணம் என்று நினைத்திருந்தேன். அன்று அது வெறும் கோழைத்தனமாக இருந்தது. முதலாளியிடம் இன்னும் சொல்லவில்லை.

எழுதிய நாள்: அந்தப் பெரியவர் செத்து ஒரு வருடம் முடிந்த ஆட்டைத்திவசம்.